கும்பகோணத்தில் வழக்கு நடக்கும்போது திருச்சியில் இன்னொன்று போடலாமா?

ஒரு உதாரணத்தை வைத்தே பேசிவிடலாம். அக்கா பாகப்பிரிவினை கேட்டுக் கும்பகோணம் சார்பு நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருக்கிறார். தம்பி பிரதிவாதி. சொத்து விவரத்தில் ஊரில் ஒரு வீடு, கொஞ்சம் நஞ்சை, அப்பா திருச்சியில் வாங்கிப் போட்ட ஒரு மனை. வழக்குப் போட்டு மூன்று வருஷம் ஆகிவிட்டது, சாட்சி விசாரணை இன்னும் ஆரம்பிக்கவில்லை. அந்த நேரத்தில் தம்பி திருச்சி மனைக்கு விலை பேசுகிறார் என்று அக்காவுக்குத் தெரியவருகிறது. “கும்பகோணத்தில் வாய்தா மேல் வாய்தா. மனை இருப்பது திருச்சியில்தானே, அங்கேயே ஒரு கேஸ் போட்டு ஸ்டே வாங்கிவிடு” என்று சொந்தக்காரர் ஒருவர் யோசனை சொல்கிறார்.

இந்த யோசனை தமிழ்நாட்டில் தினமும் யாருக்காவது சொல்லப்படுகிறது. பணமும் வருஷங்களும் இதில்தான் அதிகம் வீணாகின்றன என்பது என் கருத்து. அக்காவுக்கு முன்னால் இருக்கும் வழிகள் நான்கைந்து. திருச்சியில் புது வழக்கு, கும்பகோணம் வழக்கிலேயே இடைக்கால மனு, வழக்கை மாற்றக் கேட்பது, உயர் நீதிமன்றத்துக்குப் போவது, இருப்பதை வாபஸ் வாங்கிவிட்டுத் திரும்பப் போடுவது. இதில் இரண்டாவதுதான் பெரும்பாலானவர்களுக்குச் சரியான வழி. ஏன் என்று பார்ப்போம். மற்ற வழிகளுக்கும் அவற்றுக்குரிய இடம் உண்டு, அதையும் சொல்கிறேன்.

புது வழக்குப் போட்டால் நின்றுபோவது எது?

வக்கீல்கள் சி.பி.சி. என்று சொல்லும் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 10-வது பிரிவு இந்த நிலைமைக்காகவே எழுதப்பட்டது. அதே தரப்பினர், அதே உரிமையின் பேரில், அதே விஷயத்தை முன்பே ஒரு வழக்கில் நேரடியாகவும் முக்கியமாகவும் கிளப்பியிருந்து, அந்த நீதிமன்றத்துக்கு அந்தப் பரிகாரத்தைத் தரும் அதிகாரமும் இருந்தால், பின்னால் போட்ட வழக்கின் விசாரணையை நடத்தக் கூடாது என்கிறது அந்தப் பிரிவு.

நின்றுபோவது பின்னால் வந்த வழக்கு என்பதைக் கவனிக்க வேண்டும். கும்பகோணம் வழக்கு பாட்டுக்கு நடக்கும், திருச்சி வழக்கு காத்துக் கிடக்கும். எது முந்தியது என்பதைத் தாக்கல் செய்த தேதிதான் முடிவு செய்கிறது. எந்த ஊர் வசதி, எந்தக் கோர்ட்டில் கேஸ் வேகமாக நடக்கிறது என்பதெல்லாம் கணக்கில் வராது. வழக்கைத் தாக்கல் செய்வதையே 10-வது பிரிவு தடுப்பதாகச் சிலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. திருச்சியில் பிராதை, அதாவது வழக்கு மனுவை, கொடுத்தால் நம்பர் ஆகும், சம்மன் போகும். தம்பி அங்கே வந்து 10-வது பிரிவில் ஒரு மனு போட்டதும் விசாரணை நிற்கும். கோர்ட் ஃபீஸ் கட்டியாகிவிட்டது, வக்கீல் ஃபீஸும் கொடுத்தாகிவிட்டது, இரண்டு ஊருக்கும் அலைய வேண்டியதுதான்.

இரண்டு வழக்கும் ‘ஒன்றே’ என்று எப்படி முடிவு செய்வது? 2005-இல் பெங்களூரு நிம்ஹான்ஸ் மருத்துவ நிறுவனம் சம்பந்தப்பட்ட ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் நல்ல அளவுகோல் ஒன்றைச் சொன்னது. முதல் வழக்கில் இறுதித் தீர்ப்பு வந்தால், அது இரண்டாவது வழக்கில் முன்தீர்ப்புத் தடையாக, அதாவது தீர்ந்துபோன விஷயத்தை மறுபடி விசாரிக்க விடாத தடையாக, நிற்குமா? நிற்கும் என்றால் 10-வது பிரிவு பொருந்தும். இரண்டு வழக்கிலும் ஒரு கேள்வி மட்டும் பொதுவாக இருந்தால் போதாது, விவகாரம் முழுக்க ஒன்றாக இருக்க வேண்டும். அக்காவின் உதாரணத்தில் இது சுலபம். திருச்சி மனையில் அக்காவுக்குப் பங்கு உண்டா என்பதைக் கும்பகோணம் நீதிமன்றம் எப்படியும் முடிவு செய்யப் போகிறது. ஒரே குடும்பத்துச் சொத்து பல ஊர்களில் இருந்தால் அதில் ஏதாவது ஒரு ஊர் நீதிமன்றத்தில் மொத்தத்துக்கும் சேர்த்து வழக்குப் போட 17-வது பிரிவு அனுமதிக்கிறது.

சரி, அப்படியென்றால் ஏன் இத்தனை பேர் இரண்டாவது வழக்கைப் போடுகிறார்கள்? விசாரணை நின்றாலும் இடைக்கால உத்தரவு போடும் அதிகாரம் அந்த நீதிமன்றத்துக்குப் போய்விடுவதில்லை என்பதுதான் காரணம். 1998-இல் இந்தியன் வங்கி சம்பந்தப்பட்ட வழக்கில் உச்ச நீதிமன்றமே இதைச் சொல்லியிருக்கிறது. ஆகவே திருச்சியில் பிராதோடு தடையுத்தரவு மனுவையும் கொடுத்து, தம்பிக்கு நோட்டீஸ் போகும் முன்பே ஒருதலைப்பட்சமாக ஒரு ஸ்டே கிடைக்கலாம். அந்த ஸ்டேக்காகத்தான் இந்த ஏற்பாடு எல்லாம்.

இதில் இருக்கும் ஆபத்து பிராதின் ஒரு வரியில் இருக்கிறது. வழக்குமூலம் (வழக்குப் போடக் காரணமான சம்பவம்) எங்கே, எப்போது எழுந்தது என்று சொல்லும் பத்திக்கு முன்னாலோ பின்னாலோ, ‘இதே விஷயம் குறித்து இதே தரப்பினருக்குள் வேறு எந்த நீதிமன்றத்திலும் வழக்கு நிலுவையில் இல்லை’ என்று ஒரு வரி வரும். பழைய பிராது ஒன்றிலிருந்து அப்படியே எடுத்துப் போடும் வரி அது. அதற்குக் கீழே, இதில் கண்டவை யாவும் உண்மை என்ற சரிபார்ப்பில் கையெழுத்துப் போடுவது அக்கா. வக்கீலோ குமாஸ்தாவோ அதற்குப் பொறுப்பாளி ஆக மாட்டார்கள். தம்பியின் வக்கீல் இ-கோர்ட்ஸ் செயலியைத் திறந்து, மாவட்டத்தைத் தேர்ந்து, அக்காவின் பெயரைப் போட்டால் கும்பகோணம் வழக்கு அதன் தனி அடையாளமான சி.என்.ஆர். எண்ணோடு, தாக்கல் தேதியோடு வந்து நிற்கும். அதைப் பிரிண்ட் எடுத்து மனுவோடு இணைத்துவிடுவார்.

அதன் பிறகு நடப்பது சி.பி.சி.யின் ஆர்டர் 39, ரூல் 4. முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய்யோ, தவறாக வழிநடத்தும் தகவலோ சொல்லி, எதிர்த்தரப்பைக் கேட்காமல் வாங்கிய தடையுத்தரவை நீக்க வேண்டும் என்பதுதான் விதி. நீக்கவில்லை என்றால் நீதிபதி அதற்குக் காரணம் எழுத வேண்டும். 2021 டிசம்பரில், பெங்களூரு வளர்ச்சி ஆணையம் எதிர்த்தரப்பாக இருந்த ஒரு வழக்கில், நிலுவையில் உள்ளதும் முடிந்ததுமான எல்லா வழக்குகளையும் மனுதாரர் தாமாகச் சொல்லிவிட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கறாராகச் சொன்னது. ஸ்டே போவதைவிடப் பெரிய நஷ்டம், அந்த மறைப்பு கும்பகோணம் வழக்கிலும் அக்காவைத் துரத்தும் என்பது. குறுக்கு விசாரணையில் முதல் கேள்வியாக அதுதான் வரும்.

இருக்கும் வழக்குக்குள்ளேயே என்ன கிடைக்கும்?

திருச்சியில் கிடைக்கும் என்று சொன்ன அதே ஸ்டே கும்பகோணத்திலும் கிடைக்கும். ஆர்டர் 39, ரூல் 1 மற்றும் 2-இன் கீழ் ஒரு ஐ.ஏ., அதாவது இடைக்கால மனு, போட்டால் போதும். சொத்து வேறு மாவட்டத்தில் இருப்பது தடை ஆகாது, ஏனென்றால் தடை தம்பி என்ற ஆளுக்கு, அவர் வழக்கில் ஏற்கெனவே ஆஜராகியிருக்கிறார். அவசரம் என்றால் அதைப் பிரமாணப் பத்திரத்தில் விவரமாக எழுத வேண்டும். யார் வாங்க வந்தார், எப்போது அளந்தார்கள், அட்வான்ஸ் கைமாறியதா என்று. ‘விற்க முயல்வதாக நம்பத்தகுந்த வட்டாரத்தில் தெரிகிறது’ என்று பொத்தாம் பொதுவாக எழுதினால் நோட்டீஸ்தான் போகும், ஸ்டே வராது. சமீபத்திய வில்லங்கச் சான்று ஒன்றை இணைப்பது நல்லது. உத்தரவு கிடைத்ததும் அதன் சான்றிட்ட நகலை அந்த மனை எந்தச் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு உட்பட்டதோ அங்கே மனுவோடு கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு ஒப்புதல் வாங்கி வைக்க வேண்டும். பலர் உத்தரவை வாங்கிப் பீரோவில் வைத்துவிடுகிறார்கள், பதிவு அலுவலகத்துக்கு விஷயமே தெரிவதில்லை.

தம்பி அதற்குள் விற்றேவிட்டால்? பதற்றத்தில் இரண்டாவது வழக்குக்கு ஓடும் இன்னொரு இடம் இது. கிரயப் பத்திரத்தை ரத்து செய்ய வேண்டும் என்று தனி வழக்குப் போடச் சொல்வார்கள். தேவையில்லை. சொத்து மாற்றச் சட்டத்தின் 52-வது பிரிவுப்படி, வழக்கு நிலுவையில் இருக்கும்போது அந்தச் சொத்தை வாங்குபவர் வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர். மகாராஷ்டிரம், குஜராத்தில் வழக்கைப் பத்திரப்பதிவு அலுவலகத்தில் பதிந்தால்தான் இந்தப் பாதுகாப்பு என்று நிபந்தனை உண்டு. தமிழ்நாட்டில் அந்த நிபந்தனை இல்லை. வாங்கியவரை ஆர்டர் 1, ரூல் 10-இன் கீழ் கும்பகோணம் வழக்கில் பிரதிவாதியாகச் சேர்த்துக்கொண்டால் அவர் பின்னால் ‘எனக்குத் தெரியாது’ என்று சொல்ல வழியில்லாமல் போகும். தம்பி விற்றது தம்பியின் பங்கு அளவுக்குத்தான் செல்லும். சொத்தைப் பிரித்துக் கொடுக்கும் இறுதித் தீர்ப்பாணையில் முடிந்தவரை அந்த மனையைத் தம்பியின் பங்கில் ஒதுக்கி, அக்காவின் பங்கை வேறு சொத்தில் ஈடு செய்வது வழக்கம். இவ்வளவும் ஒரே வழக்குக் கட்டுக்குள், ஒரே வக்காலத்தில் நடக்கும். தனி வழக்கு என்றால் 2017-க்குப் பிறகு குறைக்கப்பட்ட கட்டணப்படியும் சொத்து மதிப்பில் 3 சதவீதம் வரை கோர்ட் ஃபீஸ் கட்ட நேரலாம். ஐ.ஏ.வுக்கு ஆகும் ஸ்டாம்ப் செலவு அதோடு ஒப்பிடும் அளவே இல்லை.

திருச்சி மனை முதல் பிராதில் விட்டுப்போயிருந்தால் நிலைமை கொஞ்சம் மாறும், ஆனால் விடை மாறாது. விட்டுப்போனதற்காகத் தனி வழக்குப் போட்டால் ஆர்டர் 2, ரூல் 2 குறுக்கே வரும். ஒரே வழக்குமூலத்தில் கேட்க வேண்டியதையெல்லாம் ஒரே வழக்கில் கேட்டுவிட வேண்டும், விட்டதைப் பிறகு தனியாகக் கேட்க முடியாது என்ற விதி அது. அதே சமயம், இருக்கும் பிராதைத் திருத்துவதற்கு ஆர்டர் 2, ரூல் 2 தடை ஆகாது என்று எல்.ஐ.சி. சம்பந்தப்பட்ட 2022 தீர்ப்பில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. ஆகவே ஆர்டர் 6, ரூல் 17-இல் திருத்த மனு. இதில் ஒரே ஒரு அவசரம் உண்டு. விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கேட்டால், உரிய அக்கறை எடுத்தும் முன்பே கேட்க முடியாமல் போனது ஏன் என்று காட்ட வேண்டும். அக்காவின் வழக்கில் இன்னும் சாட்சிக் கூண்டு ஏறவில்லை. இந்த வாரமே திருத்த மனு போடுவதுதான் புத்திசாலித்தனம்.

யாருக்கு எவ்வளவு பங்கு என்று சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பாணை வந்த பிறகும் இந்த வாசல் மூடுவதில்லை. 2005 செப்டம்பர் 9-இல் மகள்களுக்குக் கூட்டுக்குடும்பச் சொத்தில் சம உரிமை வந்தபோது, அதற்கு முன் முதல்நிலைத் தீர்ப்பாணை வாங்கியிருந்த பெண்கள் பலர் புது வழக்குப் போட வேண்டுமா என்று குழம்பினார்கள். பாகப்பிரிவினை வழக்கு இறுதித் தீர்ப்பாணை வரைக்கும் உயிரோடுதான் இருக்கிறது, அதே வழக்கில் பங்கைத் திருத்திக்கொள்ளலாம் என்று 2011-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

தம்பிக்கும் இதே பதில்தான். அவர் கையில் அப்பாவின் உயில் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். அதை வைத்துத் திருச்சியில் தனியாக விளம்புகை வழக்கு (உரிமை தன்னுடையது என்று அறிவிக்கக் கேட்கும் வழக்கு) போட்டால் அதுவும் 10-வது பிரிவில் நின்றுவிடும். உயிலைக் கும்பகோணத்தில் எதிருரையோடு (பிரதிவாதியின் பதில் மனு) காட்டி, தேவையானால் ஆர்டர் 8, ரூல் 6-ஏ-யில் எதிர்க்கோரிக்கை வைக்கலாம். பங்கு கேட்பது மட்டும்தான் நோக்கம் என்றால் அதுவும் வேண்டாம். பாகப்பிரிவினை வழக்கில் பிரதிவாதியும் வாதி மாதிரிதான், தன் பங்குக்கு உரிய கோர்ட் ஃபீஸ் கட்டித் தனக்கும் பிரித்துக் கேட்கலாம்.

மாற்றக் கேட்பது, மேலே போவது

சில சமயம் இரண்டு வழக்கும் ஏற்கெனவே போட்டாகிவிட்டது, அதில் இரண்டாவது முழுக்க முதல் வழக்கின் நகலும் இல்லை என்ற நிலை இருக்கும். அப்போது ஒன்றை நிறுத்துவதைவிட, 24-வது பிரிவில் மாற்றி இரண்டையும் ஒரே நீதிபதி முன் சேர்த்து விசாரிக்கக் கேட்பது மேல். ஒரே மாவட்டத்துக்குள் என்றால் மாவட்ட நீதிமன்றமே மாற்றும். கும்பகோணம் தஞ்சாவூர் மாவட்டம், திருச்சி வேறு மாவட்டம், அதனால் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். மாநிலம் விட்டு மாநிலம் என்றால் 25-வது பிரிவில் உச்ச நீதிமன்றம்தான். ‘அந்தக் கோர்ட்டில் கேஸ் இழுக்கிறது’ என்பது மட்டும் மாற்றத்துக்குக் காரணம் ஆகாது.

இழுப்பதற்கு என்னதான் செய்வது? உயர் நீதிமன்றத்தில், கீழ் நீதிமன்றங்களைக் கண்காணிக்கும் அதிகாரம் தரும் அரசியல் சாசனத்தின் 227-வது பிரிவில் மனுப் போட்டு, இத்தனை மாதத்துக்குள் முடிக்கச் சொல்லி உத்தரவு வாங்குவது இங்கே பழக்கம். ஆனால் 2024 பிப்ரவரி 29-இல் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு, வேறு நீதிமன்றங்களில் நிலுவையில் உள்ள வழக்குகளுக்குக் காலக்கெடு விதிப்பதை மேல் நீதிமன்றங்கள் சாதாரணமாகத் தவிர்க்க வேண்டும், அசாதாரண நிலைமையில் மட்டும் செய்யலாம் என்று சொல்லியிருக்கிறது. வாதிக்கு எண்பது வயது, உடம்பு முடியவில்லை என்பது போன்ற உறுதியான காரணம் இருந்தால் முயலலாம். அதற்கு முன் விசாரணை நீதிமன்றத்திலேயே வயதைக் காட்டி முன்னுரிமை கேட்டுப் பார்ப்பது செலவில்லாத வழி.

கும்பகோணத்தில் ஸ்டே மறுக்கப்பட்டால் ரிட் போடலாமா என்று கேட்பவர்கள் உண்டு. கூடாது. உரிமையியல் நீதிமன்றத்தின் உத்தரவை எதிர்த்து அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவில் ரிட் வராது என்று 2015-இல் தீர்ப்பாகிவிட்டது. 227-ம் இந்த இடத்தில் உதவாது. விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில், சி.பி.சி.யிலேயே மேல்முறையீட்டுக்கு வழி இருந்தால் உயர் நீதிமன்றம் 227-ஐக் கையில் எடுப்பதற்கு அது கிட்டத்தட்ட முழுத் தடை என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தடையுத்தரவு மறுப்புக்கு ஆர்டர் 43-இல் மேல்முறையீடு இருக்கிறது, சார்பு நீதிமன்ற உத்தரவுக்கு மாவட்ட நீதிமன்றத்தில் சி.எம்.ஏ. (இதர உரிமையியல் மேல்முறையீடு) போட வேண்டும். 10-வது பிரிவு மனுவில் வரும் உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது, அதற்குத்தான் சி.ஆர்.பி. என்ற சீராய்வு மனு.

தாசில்தாரிடம் பட்டா மாற்றக் கேட்டு ஒரு மனு, ஆர்.டி.ஓ.விடம் ஒரு மனு என்று போவதும் வேறு வகையில் இதே இரட்டை வழக்குதான். உரிமை யாருடையது என்ற சண்டை கோர்ட்டில் இருக்கும்போது வருவாய்த் துறை அதைத் தீர்க்க முடியாது. 1983-ஆம் வருஷத்துப் பட்டா பாஸ் புத்தகச் சட்டமே, பதிவில் மனக்குறை இருப்பவர் உரிமையியல் நீதிமன்றத்தில் விளம்புகை வாங்கி வந்தால் அதன்படி பதிவைத் திருத்தலாம் என்கிறது.

இரண்டாவது வழக்கு நியாயமாக இருக்கும் இடங்கள்

10-வது பிரிவு உரிமையியல் வழக்குக்கும் உரிமையியல் வழக்குக்கும் இடையில்தான். அப்பாவின் கையெழுத்தைப் போலியாகப் போட்டு செட்டில்மெண்ட் எழுதியிருந்தால், பாகப்பிரிவினை வழக்கு நடக்கிறது என்பதற்காகக் குற்றப் புகார் கொடுக்காமல் இருக்க வேண்டியதில்லை. இரண்டும் ஒரே நேரத்தில் இருந்தால் பொதுவாகக் குற்ற வழக்குக்கு முன்னுரிமை தரலாம் என்று சென்னை மாகாணத்திலிருந்து போன ஷெரிப் வழக்கில் 1954-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, இதற்கு இறுக்கமான விதி எதுவும் கிடையாது என்ற குறிப்போடு. வாடகைதாரரைக் காலி செய்யும் வழக்கு நிலுவையில் இருக்கும்போது, வேறு காலத்தில் நடந்த வேறு மீறலுக்காக இன்னொரு வழக்குப் போடலாம். வழக்குமூலம் புதிது, முதல் தீர்ப்பு இரண்டாவதைத் தீர்த்துவிடாது. மேலே சொன்ன அளவுகோலைப் போட்டுப் பார்த்தாலே இது தெரியும்.

குடும்ப நீதிமன்ற விவகாரங்களில் சட்டம் வேறு பாதை எடுக்கிறது. கணவர் மதுரையில் விவாகரத்து மனு போட்டுவிட்டார், மனைவி அம்மா வீட்டில், சென்னையில் இருக்கிறார். 2003 திருத்தத்துக்குப் பிறகு மனைவி தான் வசிக்கும் ஊரில் மனுப் போடலாம். ஆனால் அவரும் விவாகரத்து கேட்டுச் சென்னையில் போட்டால், இந்து திருமணச் சட்டத்தின் 21-ஏ பிரிவுப்படி பின்னால் போட்ட மனு முதல் நீதிமன்றத்துக்கே மாற்றப்பட்டு இரண்டும் சேர்த்து விசாரிக்கப்படும். அதாவது அவர் மனு மதுரைக்குப் போய்விடும். ஆகவே மனைவிக்குச் சரியான நகர்வு போட்டி மனு அல்ல, கணவரின் மனுவைச் சென்னைக்கு மாற்றக் கேட்கும் மனு. வேலூரிலிருந்து சென்னைக்கு மாற்றிய 2022 தீர்ப்பில், திருமண வழக்குகளில் பொதுவாக மனைவியின் வசதியைப் பார்க்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருப்பது இங்கே கைகொடுக்கும்.

ஜீவனாம்சத்திலும் இப்படித்தான். குடும்ப வன்முறைச் சட்டத்தில் கிடைக்கும் பாதுகாப்பு, தங்குமிடம், பண உதவி ஆகியவற்றை நடந்துகொண்டிருக்கும் குடும்ப நீதிமன்ற வழக்கிலேயே கேட்க அந்தச் சட்டத்தின் 26-வது பிரிவு இடம் தருகிறது. இது பல பெண்களுக்குத் தெரியாமலே இரண்டு கோர்ட்டுக்கு அலைகிறார்கள். தனியாகப் போட்டாலும் தவறில்லை. ஆனால் ஒரு இடத்தில் தொகை வாங்கியிருந்தால் அடுத்த இடத்தில் சொல்லிவிட வேண்டும், முன்னதைக் கழித்துக்கொண்டுதான் பின்னது தீர்மானிக்கப்படும் என்று 2020 நவம்பரில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்திருக்கிறது.

வெளிநாட்டில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. சிங்கப்பூரிலோ லண்டனிலோ வழக்கு நிலுவையில் இருப்பது இங்கே வழக்கு நடத்துவதைத் தடுக்காது என்று 10-வது பிரிவின் விளக்கமே சொல்கிறது. அதனால் இங்கே போட்டால் நின்றுவிடுமோ என்று பயந்து உட்கார வேண்டாம்.

வாபஸ் வாங்கித் திரும்பப் போடுவது

முதல் பிராது அடிப்படையிலேயே தப்பாக வரைந்தது, திருத்தினால் தேறாது என்றால் இந்த வழியைச் சொல்வார்கள். ஆர்டர் 23, ரூல் 1-இல் திரும்பப் போடும் அனுமதியோடு வாபஸ் வாங்க வேண்டும். வெறுமனே ‘நாட் பிரஸ்டு’ (வற்புறுத்தவில்லை) என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தால் அதே விஷயத்துக்கு மறுபடி வழக்கே போட முடியாது. அனுமதி கிடைத்தாலும் காலவரம்பு, முதல் வழக்கே இல்லாதது போலத்தான் எண்ணப்படும். அக்கா வழக்குப் போட்டு மூன்று வருஷம் ஓடிவிட்டது. அவர் பிராதில் பங்கு கேட்பதோடு, மூன்று வருஷக் கெடு உள்ள பரிகாரம் ஏதாவது சேர்ந்திருந்தால், உதாரணமாக அவரே கையெழுத்துப் போட்ட ஒரு பத்திரத்தை ரத்து செய்வது, வாபஸ் வாங்கிய அன்றே அந்தப் பரிகாரம் போய்விடக்கூடும். வாபஸ் மனுவில் கையெழுத்துப் போடும் முன் பிராதின் கடைசியில் இருக்கும் பரிகாரப் பத்தியை எடுத்து, ஒவ்வொன்றுக்கும் எதிரே கெடு முடியும் தேதியை எழுதித் தரச் சொல்லி வக்கீலிடம் கேளுங்கள்.